அத்தையைப் பற்றி நான் சொன்னது

எங்கள் ஊரில் இரண்டு கோயில்கள் இருந்தன. மேற்கே முத்தாலம்மன், கிழக்கே அந்தோணியார். இரண்டையுமே கோயில் என்றுதான் சொல்வோம். குழப்பம் வந்தால் மட்டும் மேலக்கோயில், கீழக்கோயில் என்று பிரித்துச் சொல்வோம். சர்ச் என்ற சொல்லை எங்கள் ஊருக்குள் நான் முதன்முதலாகக் கேட்டபோது எனக்குப் பத்து வயது. ஊராட்சித் தலைவர் தேர்தல் வந்த வருஷம் அது.

ஆத்தூருக்கும் சித்தையன்கோட்டைக்கும் நடுவில் இருக்கிறது ஊர். அப்பா கோழிக்கொண்டையும் செண்டுமல்லியும் போட்டிருந்தார். விடிவதற்குள் பறித்து மூட்டை கட்டி, முதல் பஸ்ஸில் திண்டுக்கல் பூ மார்க்கெட்டுக்கு ஏற்றுவார். மேலத்தெருவும் கீழத்தெருவும் ஒரே சாதிதான். யாருடைய முப்பாட்டன் ஞானஸ்நானம் வாங்கினான், யாருடைய முப்பாட்டன் வாங்காமல் விட்டான் என்பதை வைத்துத்தான் தெருக்கள் பிரிந்திருந்தன. பெண் கொடுப்பதும் எடுப்பதும் அது பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது.

அப்படிக் கீழத்தெருவில் வாழ்க்கைப்பட்டவள்தான் என் அத்தை, அப்பாவின் ஒரே தங்கை. கல்யாணத்துக்கு முதல் நாள் அவளுக்குத் தலையில் தண்ணீர் ஊற்றிப் புதுப்பெயர் வைத்தார்கள். அந்தப் பெயரைச் சொல்லி அவளைக் கூப்பிட்ட ஒரே ஆள் பங்குச்சாமியார்தான். மாமாகூடப் பழைய பெயரைத்தான் சொல்வார். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. அதனால் பள்ளிக்கூடம் விட்டதும் நான் நேராகப் போகும் இடம் அத்தை வீடாக இருந்தது.

அத்தை சத்தமாகப் பேசுவாள். அந்தக் காலத்திலேயே மாமாவின் மொபெட்டை எடுத்துக்கொண்டு யூனியன் ஆபீசுக்குப் போய்வருவாள். மினிபஸ் எங்கள் ஊருக்குள் வராமல் மெயின் ரோட்டோடு போய்க்கொண்டிருந்த நாளில், ரோட்டின் நடுவில் போய் நின்றுகொண்டு, டிரைவர் சம்மதிக்கும்வரை நகரவில்லை. விதவைப் பென்ஷனுக்கு மனு எழுத, ரேஷன் கார்டில் பெயர் சேர்க்க, கர்ப்பிணிகளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போக என்று இரண்டு தெருக்காரர்களும் அவளைத்தான் தேடி வருவார்கள். ஆகவே தலைவர் பதவியைப் பெண்களுக்கு ஒதுக்கினார்கள் என்றதும் இரண்டு தெருவும் சேர்ந்து அவளை நிற்கச் சொன்னதில் அதிசயம் ஒன்றும் இல்லை.

அதிசயப்பட்டவர் பெரியப்பா ஒருவர்தான். அப்பாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன் அவர். இரண்டு தடவை தலைவராக இருந்தவர். பெண்களுக்கு ஒதுக்கினால் பெரியம்மா போட்டியில்லாமல் வந்துவிடுவாள் என்று நினைத்திருந்தார். பெரியம்மா நாலு பேர் இருக்கும் இடத்தில் வாய் திறந்து நான் பார்த்ததில்லை. அவள் போஸ்டரில் அவள் படத்தைவிடப் பெரியப்பா படம் பெரிதாக இருந்தது. அவளுக்கு ஆட்டோ சின்னம், அத்தைக்குப் பூட்டு சாவி.

பெரியப்பாதான் திண்டுக்கல்லிலிருந்து ஒரு அண்ணனைக் கூட்டிவந்தார். தேய்த்த சட்டை, மெதுவான பேச்சு. ஞாயிற்றுக்கிழமைகளில் மேலக்கோயில் மண்டபத்தில் பிள்ளைகளை உட்காரவைத்துச் சாமிப் பாட்டுச் சொல்லிக்கொடுப்பார், பென்சில் தருவார். யாரையும் அதட்டமாட்டார். எங்கள் எல்லோருக்கும் அவரைப் பிடித்திருந்தது. அவரிடம்தான் கீழக்கோயிலுக்கு சர்ச் என்று பெயர் இருப்பதைத் தெரிந்துகொண்டோம்.

தேர்தலுக்குச் சில வாரங்களுக்கு முன்னால் முத்தாலம்மன் பொங்கல் வந்தது. எப்போதும் போல அம்மா தூக்குவாளியில் சர்க்கரைப் பொங்கல் போட்டு, தேங்காய் மூடியோடு அத்தை வீட்டுக்குக் கொடுத்தனுப்பினாள். அத்தை வாளியை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொண்டு, கண்ணை மூடி மென்றாள். அப்புறம் கொல்லைப்பக்கம் போய் மீதியைக் கழனித்தொட்டியில் கொட்டினாள். கன்றுக்குட்டி ஓடிவந்து வாயை வைத்தது. நான் முகம் சுருங்கி நின்றதைப் பார்த்துவிட்டுச் சொன்னாள்.

"எனக்குச் சுகர் இருக்குன்னு டாக்டர் சொல்லிட்டாரு தாயி. இம்புட்டு இனிப்பு ஆகாது. கன்னுக்குட்டி தின்னா ஆத்தா ஒண்ணும் கோவிச்சுக்கிறாது."

அந்த ஞாயிற்றுக்கிழமை பாட்டு முடிந்ததும் திண்டுக்கல் அண்ணன் என்னை மட்டும் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டார். கையில் செல்போன் இருந்தது. படம் பிடிக்கப்போவதாகச் சொன்னார். நான் ரிப்பனைச் சரிசெய்துகொண்டேன்.

"பாப்பா, ஒங்க அத்தை நம்ம ஆத்தா பொங்கலச் சாப்பிடுவாங்களா?"

நான் மூன்று வாக்கியம் சொன்னேன். இன்றைக்கும் ஒரு எழுத்து மாறாமல் ஞாபகம் இருக்கிறது. "ஒரு வாய் கும்பிட்டுச் சாப்பிடும். மிச்சத்தக் கழனித்தொட்டியில கொட்டிரும். அதுக்குச் சுகரு."

அவர் தலையாட்டினார். "நல்லாச் சொன்ன. நடுவுல சொன்னியே, அத மட்டும் இன்னொருக்கா சத்தமாச் சொல்லு. போனப் பாத்துச் சொல்லணும்."

நான் போனைப் பார்த்து, பள்ளிக்கூடத்தில் செய்யுள் ஒப்பிப்பது போலச் சொன்னேன். எனக்கு இரண்டு பென்சில் கிடைத்தது.

அப்போதெல்லாம் வாட்ஸப் ஊருக்குள் வரவில்லை. பஸ் ஸ்டாப்பில் இருந்த செல்போன் கடையில் மெமரி கார்டில் பாட்டு ஏற்றிக் கொடுப்பார்கள். அந்த வாரம் பாட்டு ஏற்றப் போனவர்களுக்கெல்லாம் பாட்டோடு சேர்ந்து நானும் போனேன். அங்கிருந்து புளூடூத்தில் ஒரு போனிலிருந்து இன்னொன்றுக்குத் தாவி இரண்டே நாளில் ஊர் முழுக்கப் பரவிவிட்டேன். எங்கள் தோட்டத்தில் பூப் பறிக்க வந்த அக்காவின் போனிலிருந்து என் குரலை நானே கேட்டேன். "கழனித்தொட்டியில கொட்டிரும்." முன்னாலும் இல்லை, பின்னாலும் இல்லை. ஆனால் குரல் தெளிவாக இருந்தது. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வீட்டுக்கு ஓடிப்போய் அம்மாவிடம் சொன்னேன். அம்மா கன்னத்தில் அறைந்தாள்.

அத்தையிடம் மனு எழுதி வாங்கியவர்கள் மேலத்தெருவில் நூறு பேர் இருப்பார்கள். ஆஸ்பத்திரிக்கு அவள் கூட்டிப்போய்ப் பிறந்த பிள்ளைகளே என் வகுப்பில் இருந்தார்கள். அவர்கள் எல்லோரும் என் குரலை நம்பினார்கள். நான் அவளுடைய சொந்த அண்ணன் மகள். பத்து வயதுப் பிள்ளை பொய் சொல்லுமா?

வியாழக்கிழமை சாயங்காலம் மேலக்கோயில் முன்னால் ஊர்க்கூட்டம் போட்டார்கள். என்னை அழைத்துவரச் சொல்லி ஆள் வந்தது. போகும் வழியில் அப்பா என் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார். "மூணையும் சொல்லணும். மொதல்ல இருந்து சொல்லணும். நீ சொன்ன பெறகு நான் பேசுறேன்" என்றார். நான் நடந்துகொண்டே நாலைந்து தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டேன்.

கூட்டத்தில் பெரியப்பா நடுவில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். அந்தத் திண்டுக்கல் அண்ணன் தூரத்தில் தூணோரம் நின்றார், இதற்கும் தனக்கும் சம்பந்தமில்லாதவர் போல. அத்தையும் மாமாவும் செருப்பைக் கழற்றிவிட்டுக் கூட்டத்தின் விளிம்பில் நின்றார்கள். கீழத்தெருவிலிருந்தும் ஏழெட்டுப் பேர் வந்து ரோட்டில் நின்றார்கள்.

"பயப்படாதத்தா" என்றார் பெரியப்பா. "ஒத்த வார்த்தை சொன்னாப் போதும். கொட்டுச்சா, கொட்டலையா?"

"மொதல்ல ஒரு வாய்..." என்று ஆரம்பித்தேன்.

"அதக் கேக்கலத்தா. கொட்டுச்சா, கொட்டலையா?"

நான் அப்பாவைத் திரும்பிப் பார்த்தேன். அவர் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். வெகுநேரம் துடைத்தார். என் அக்காவைப் பெரியம்மாவின் அண்ணன் மகனுக்குப் பேசி முடித்திருந்தார்கள், தை மாதம் கல்யாணம். அது எனக்குத் தெரியும். அதற்கும் அப்பாவின் துண்டுக்கும் என்ன சம்பந்தம் என்பது தெரியாது. மறுபடி "மொதல்ல" என்றேன். கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

"புள்ளைய விடுங்கண்ணே" என்றாள் அத்தை. எப்போதும் போலச் சத்தமாகத்தான் சொன்னாள். "அது பொய் சொல்லல. கொட்டுனது நெசந்தான்."

அதற்குமேல் அவள் பேசியது கூட்டத்தின் கூச்சலில் யாருக்கும் கேட்கவில்லை. மாமா சட்டைப் பையிலிருந்து ஆஸ்பத்திரிச் சீட்டை எடுத்து, "சுகருங்க, அவளுக்குச் சுகரு, இந்தா டாக்டர் எழுதுனது" என்று ஒவ்வொருவர் முன்னாலும் நீட்டிக்கொண்டே போனார். ஒருவரும் அதைக் கையில் வாங்கவில்லை. வாங்கினால் படிக்கவேண்டி வந்திருக்கும். ரோட்டில் நின்ற கீழத்தெருப் பெரியவர் ஒருவர் மாமாவைக் கூப்பிட்டு, மற்றவர்களுக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னார். "படைச்ச சோத்த அவள எதுக்குடா வாங்கச் சொன்ன? இங்க வந்து இத்தன வருசம் ஆச்சு, இன்னும் அவ நம்ம ஆளா ஆகல." அந்தத் தெருவிலும் சில மாதங்களாக வாலிபர்கள் தனியாகக் கூடிப் பேச ஆரம்பித்திருந்தார்கள். நம் ஓட்டு நம் ஆளுக்கு என்று அவர்களும் நோட்டீஸ் அடித்திருந்தார்கள்.

திரும்பி வரும்போது, "நான் சரியாத்தானப்பா சொன்னேன்? அத்தையே நெசம்னு சொல்லிருச்சே" என்றேன். அப்பா என் கையை விட்டுவிட்டு முன்னால் நடந்தார்.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் வழக்கம்போல அத்தை வீட்டுக்குப் போனேன். அவள் கேட்டருகிலேயே என்னை நிறுத்தினாள்.

"இனிமே இங்க வராத தாயி."

"ஏன்?"

"வராதன்னா வராத. போ. வீட்டுக்குப் போ."

கேட்டைச் சாத்திக் கொக்கியைப் போட்டாள். எனக்குப் பொல்லாத கோபம் வந்தது. நான் உண்மையைச் சொன்னேன், அவளே அதை ஒப்புக்கொண்டாள், பிறகு எதற்கு என்மேல் கோபப்பட வேண்டும்? அன்றைக்கே போய்ப் பெரியம்மாவுக்கு ஓட்டுக் கேட்கும் பிள்ளைகளோடு சேர்ந்துகொண்டேன். அட்டையில் செய்த ஆட்டோவைப் பிடித்துக்கொண்டு "போடுங்கம்மா ஓட்டு, ஆட்டோவப் பாத்து" என்று தெருத்தெருவாகக் கத்தினேன். அத்தை வீட்டு முன்னால் இன்னும் சத்தமாகக் கத்தினேன். அவள் வெளியே வரவில்லை. என்னிடமிருந்து இன்னொரு வார்த்தையை யாரும் பிடுங்கிக்கொள்ளக் கூடாது என்றுதான் என்னை விரட்டினாள் என்பது புரிய எனக்கு எத்தனையோ வருஷம் பிடித்தது.

அத்தை மூன்றாவதாக வந்தாள். மேலத்தெரு பெரியம்மாவுக்குப் போட்டது. கீழத்தெருவில் பேருக்கு மனு போட்டிருந்த ஒரு பெண்ணுக்கு அந்தத் தெரு போட்டது. அத்தைக்கு விழுந்த ஓட்டுகளில் அப்பாவின் ஓட்டு இருந்ததா என்று நான் கேட்டதில்லை. அவரும் சொன்னதில்லை.

மறுநாள் காலையில் வெற்றி ஊர்வலம். மேளம், வெடி, மாலை போட்ட பெரியம்மா, அவளுக்குப் பதிலாகக் கும்பிட்டுக்கொண்டு வரும் பெரியப்பா. மேலத்தெருவைச் சுற்றிவிட்டு ஊர்வலம் கீழத்தெரு முனைக்கு வந்தபோது மேளம் நின்றது. உள்ளே வாலிபர்கள் ரோட்டை மறித்து நின்றார்கள். எங்கள் பின்னால் வந்தவர்களில் பாதிப் பேரை நான் அதற்கு முன்னால் ஊரில் பார்த்ததில்லை. இரண்டே இரண்டு போலீஸ்காரர்கள் நடுவில் நின்று இரண்டு பக்கமும் கையைக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தார்கள். அந்தத் திண்டுக்கல் அண்ணன் எங்களிடம் வந்து, அதே மெதுவான குரலில், "புள்ளைக எல்லாம் முன்னால போங்க. ஆட்டோவ ஒசத்திப் பிடிச்சுக்கிட்டுப் போங்க" என்றார். எங்களுக்குப் பெருமையாக இருந்தது. அட்டை ஆட்டோக்களைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு பதினைந்து பிள்ளைகள் முன்னால் நடந்தோம்.

அத்தை வீடு முனையிலிருந்து மூன்றாவது. அவள் வாசலுக்கு வந்தாள். எங்களைப் பார்க்கவில்லை. எங்களுக்குப் பின்னால் வருகிறவர்களின் கைகளைப் பார்த்தாள். அப்புறம் எதிர்வீட்டு மாடியைப் பார்த்தாள். அடுத்த நிமிஷம் ரோட்டில் இறங்கி, கைக்கு எட்டிய பிள்ளை நான்தான் என்பதால் என் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தாள்.

"உள்ள வா புள்ள."

நான் திமிறினேன். "விடு, எங்க பெரியம்மா செயிச்சிருச்சு" என்று கத்திக்கொண்டே அவள் கையைக் கடித்தேன். என் கண்ணாடி வளையல்கள் நொறுங்கின. அவள் விடவில்லை. தரதரவென்று இழுத்துக்கொண்டு போய் வீட்டுக்குள் தள்ளிக் கதவைச் சாத்தினாள். வெளியே ஒரு குரல் கேட்டது. "நம்ம புள்ளையத் தூக்கிட்டாங்கடா."

அதற்குப் பிறகு கல் விழும் சத்தம்தான். முதல் கல் எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்று இன்றுவரை ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள். அத்தை என்னைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு, கட்டிலுக்கு முன்னால் குறுக்கே உட்கார்ந்துகொண்டாள். ஓடுகள் உடைந்து விழுந்தன. கட்டிலுக்கடியிலிருந்து எனக்கு அவள் முதுகு மட்டும் தெரிந்தது. கொஞ்சநேரத்தில் ஜாக்கெட்டின் தோள்பக்கம் சிவப்பாக நனைந்தது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை. "அழுவாத, இந்தா முடிஞ்சிரும்" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். வெளியே மாமாவின் மொபெட் எரிந்தது. என்னோடு நடந்துவந்த பையன் ஒருவனுக்குக் கல் பட்டு ஒரு கண் போயிற்று. அவனுக்கு ஏழு வயது.

பிறகு நடந்ததை நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. தெருமுனையில் பல வருஷம் போலீஸ் வேன் நின்றது. அந்தோணியார் சப்பரம் கீழத்தெருவோடு திரும்பிவிடுகிறது, முளைப்பாரி மேலத்தெருவோடு திரும்பிவிடுகிறது. இரண்டு தெருவுக்கும் இரண்டு பஸ் ஸ்டாப். சின்னப் பிள்ளையைக் கடத்தி வீட்டுக்குள் அடைத்ததாக அத்தைமேல் கேஸ் போட்டார்கள். அவளும் மாமாவும் வீட்டைப் பூட்டிவிட்டுத் திண்டுக்கல்லில் வாடகைக்குப் போய்விட்டார்கள். வாய்தா வாய்தாவாகக் கோர்ட்டுக்கு அலைந்தாள். கேஸ் முடியும் முன்பே காலில் வந்த புண் ஆறாமல் போய்ச் சேர்ந்தாள். கீழக்கோயில் கல்லறையில் அடக்கம். பிறந்த வீட்டுக் கோடி போடவேண்டும் என்று அப்பா சேலை எடுத்துக்கொண்டு போனார். தெருமுனையிலேயே வாலிபர்கள் மறித்துக்கொண்டு, "இதெல்லாம் இங்க வேணாம், நீங்க கெளம்புங்க" என்று சொல்லிவிட்டார்கள். மாமா உள்ளே பெட்டிக்குப் பக்கத்தில் நின்றார். எழுந்த சத்தம் அவருக்குக் கேட்டிருக்கும், ஆனால் தலையைத் தூக்கவில்லை. அந்தச் சேலை இன்னும் எங்கள் வீட்டுப் பீரோவில் இருக்கிறது. அப்பா அதைக் கட்டவும் விடவில்லை, யாருக்கும் கொடுக்கவும் விடவில்லை. பெரியப்பா அதற்குப் பிறகு ஒரு தடவைகூடத் தோற்கவில்லை.

ஒன்றை மட்டும் சொல்லாமல் தாண்டி வந்துவிட்டேன்.

கல் விழுந்த அன்று மத்தியானம் பள்ளிக்கூடத்தில் வைத்து என்னை விசாரித்தார்கள். பெண் போலீஸ் ஒருவர் என் முன்னால் உட்கார்ந்து பேடில் தாளை வைத்துக்கொண்டிருந்தார். அப்பாவும் பெரியப்பாவும் ஜன்னலோரம் நின்றார்கள். அந்தப் போலீஸ்காரம்மா நல்லவர். எனக்குத் தண்ணீர் கொடுத்தார், நிதானமாகக் கேட்டார். அவர் எதையும் வெட்டவும் இல்லை, திரும்பச் சொல்லச் சொல்லவும் இல்லை.

"அத்தை ஒன்ன ஏம்மா உள்ள இழுத்தாங்க?"

நான் அவசரப்படவில்லை. நன்றாக யோசித்தேன். ஊர்வலத்தில் நாங்கள் பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தோம். சண்டை அதற்குப் பிறகுதான் வந்தது. அத்தை என்மேல் கோபமாக இருந்தாள். எப்படி எண்ணிப் பார்த்தாலும் அவள் என்னை இழுத்ததற்கு ஒரு காரணமும் எனக்குத் தட்டுப்படவில்லை.

"தெரியல" என்றேன்.

அவர் எழுதிக்கொண்டார். "அடிச்சாங்களா?"

"இல்ல. வளையல ஒடச்சிருச்சு" என்று மணிக்கட்டைக் காட்டினேன்.

அதையும் எழுதிக்கொண்டார். அடியில் என் பெயரை எழுதச் சொன்னார். அழகாக எழுதினேன். வழக்கு நடந்த அத்தனை வருஷமும் அத்தைக்கு எதிராக அவர்கள் கையில் இருந்த உருப்படியான சாட்சி அந்தத் தாள் ஒன்றுதான். அதில் பொய் என்று ஒரு சொல்கூட இல்லை. பதினைந்து பிள்ளைகளை எதற்காக முன்னால் நடக்கவிட்டார்கள் என்று அன்றைக்கு எனக்கு உண்மையாகவே தெரியாது.